ஏழாம் வாய்ப்பாடு

பகாவ், பழைய சினிமாக் கொட்டகைக்குப் பின்தெரு.
டயர் கடைக்கு மேல் ஓர் அறை, தகரக் கூரை.
இங்கிருந்துதான் தமிழ்ப்பள்ளிகளுக்கெல்லாம்
வியாழக்கிழமை பத்து இருபதுக்குப்
பாடமும் பாட்டும் போயின என்றால்
கீழே தவுக்கே நம்புவதில்லை.
"நீயா? டிவியிலயா?" என்று
என் செருப்பைப் பார்க்கிறார்.

பதினேழு வருடம்.
எழுத்து நான், மெட்டு நான்,
காலுறையில் தைத்த காக்கைக்குக் குரலும் நானே.
குரலுக்குத் தனிச் சம்பளம் இல்லை.
ஒரு பாட்டு நாற்பது விநாடி, எண்பது வெள்ளி.
நாற்பத்தொன்றாவது விநாடியில்
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கனகேந்திரன் சார்
இரண்டு விரலைக் கத்தரிக்கோலாக்குவார்.

மழை வந்தால் வேலை நிற்கும்.
கூரை முழுக்கத் தாளம் போடும்போது
சின்ன கீபோர்டு என்ன செய்யும்?
பிப்ரவரியில் போட்ட மெட்டுகள் நீளம்.
நவம்பர் மெட்டுகள் குட்டை,
மழைக்கும் மழைக்கும் நடுவில் பிடித்தவை.

குவாலா பிலாவிலிருந்து மூன்றாம் வகுப்புக் கடிதம்:
காக்கைக்கு ஏன் கால் இல்லை?
உள்ளே என் கை இருக்கிறது என்று எழுதி
அடித்துவிட்டு
இறங்கவே நேரமில்லை அதற்கு என்று எழுதினேன்.

பாடிய புஷ்பலீலாவுக்கு ழகரம் வராது.
பழம் பளம், மழை மளை.
வாழையைக் கேட்கவே வேண்டாம்.
திருத்தினால் அழுவாள்;
அதையும் அளுவேன் என்றுதான் மிரட்டுவாள்.
அதனால் பழப்பாட்டில் பழமே இல்லை:
ரம்புத்தான், டுக்கு, மங்குஸ்தீன், பப்பாளி,
தோலை உரி, கொட்டையைத் துப்பு, கையைக் கழுவு,
ஐயோ, கழுவு.
பஸ் சிரம்பான் சேருமுன்
கழுவை அலம்பாக்கினேன்.

ஆனால் ஏழுக்கு வேறு சொல் ஏது?
ஏழாம் வாய்ப்பாட்டை நானே பாட வேண்டியதாயிற்று.
ஸ்டூடியோ ஒரு மணி நேரம்தான்.
முதல் தடவை மின்சாரம் போனது,
இரண்டாம் தடவை என் தொண்டை.
தபேலாவுக்குச் சவரியப்பன்,
விடியலில் பால் வெட்டிவிட்டு
உடம்பில் கித்தா வாசனையோடு பஸ் ஏறி வந்தவன்.
மூன்றாம் தடவை
ஏழேழு நாற்பத்தொன்பது என்றதும்
இருமினான்.
ஒரே இருமல்.
அதுவும் தாளம் தப்பாமல்.
வாசலில் சமையல் நிகழ்ச்சிக்காரர்கள் சட்டிகளோடு நின்றார்கள்.
"இருக்கட்டும்மா," என்றார் கனகேந்திரன் சார்,
"பிள்ளைகளுக்குத் தெரியவா போகிறது?"

இத்தனை காலம் கழித்து
கூரை மாற்றக் கையில் காசு வந்தது.
ஏழடித் தகரம் ஒன்பது வேண்டும்.
சந்தைக்கு எதிரே சீனர் இரும்புக்கடை,
கணக்கெழுத ஜீவரத்தினம் என்றொருவர்,
காதில் பென்சில், நாற்பத்தைந்து வயதிருக்கும்.
கால்குலேட்டரைத் தட்டிப் பார்த்தார், உயிர் இல்லை.
கூரையை அண்ணாந்து முணுமுணுத்தார்:

ஏழாறு நாற்பத்திரண்டு
ஏழேழு நாற்பத்தொன்பது
க்ஹும்
ஏழெட்டு ஐம்பத்தாறு
ஏழொன்பது

ழகரத்தில் ஒரு குறையுமில்லை.

"சளியா?" என்றேன்.

"இல்லீங்கம்மா. அந்த இடத்துல அப்படித்தான்.
எங்க ஸ்கூல்ல மொத்த வகுப்பும் இருமுவோம்.
இருமலன்னா அம்பத்தாறு வராது."

நான் யாரென்று சொல்ல வாயெடுத்து
அடி என்ன விலை என்று கேட்டேன்.
அறுபத்துமூன்று அடி, லோரிக்கூலி தனி.
அரை வெள்ளி குறைக்கச் சண்டை போட்டேன்.
குறைத்தார்.

சவரியப்பன் பாசிர் கூடாங் பக்கம் என்கிறார்கள்.
முகவரி யாரிடமும் இல்லை.
அன்றைக்கு அவனுக்கு இருபத்தைந்து வெள்ளி கொடுத்தார்கள்.
வவுச்சரில்
தபேலா என்று மட்டும்தான் போட்டிருந்தது.